சந்திரலேகா எதையெல்லாம் கழற்றி வைத்தார்? நவீன நடனத்தை முதன்முதலாகப் பார்ப்பவர்களுக்கு

சேலத்தில் டான்ஸ் மாஸ்டர் என்று சொன்னால் யாருக்கும் விளக்கம் தேவைப்படாது. ஏற்காடு போகிற சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸின் முகப்பு வளைவு இன்னும் நிற்கிற ஊர் இது. சினிமாப் பாட்டுக்கு ஆட்டம் சொல்லிக்கொடுப்பவர் டான்ஸ் மாஸ்டர். ஆண்டு விழாவுக்குப் பிள்ளைகளை வரிசையாக நிறுத்தி, 'ஒண்ணு, ரெண்டு' என்று கத்துகிறவரும் டான்ஸ் மாஸ்டர்தான். பரதநாட்டியம் என்றால் டீச்சர், கொஞ்சம் மரியாதை கூடினால் குரு. இவர்கள் யாரிலும் சேராத இன்னொருவர் இருக்கிறார்: நவீன நடனத்தின் நடன அமைப்பாளர். அவருக்கு என்ன வேலை என்று கேட்டால் பலருக்குப் பதில் வராது. ஃபோனில் அப்படியொரு நடனத் துண்டைக் காட்டினால், "இதுல டான்ஸ் எங்கே இருக்கு?" என்பதுதான் முதல் கேள்வியாக வரும்.

நியாயமான கேள்விதான். அதற்குப் பொதுவாகப் பதில் சொன்னால் ஒன்றும் பிடிபடாது. ஒரே ஒருவரை எடுத்துக்கொண்டு, அவர் எங்கே தொடங்கினார், எதை வைத்துக்கொண்டார், எதை விட்டார் என்று பார்த்தால் விஷயம் விளங்கிவிடும். நான் எடுத்துக்கொள்வது சந்திரலேகாவை. 1928இல் மகாராஷ்டிரத்தில் பிறந்து, சட்டப் படிப்பைப் பாதியில் விட்டு, நடனம் கற்க மதராஸுக்கு வந்து, 2006இல் இறக்கும் வரை சென்னையிலேயே வாழ்ந்தவர். எலியட்ஸ் கடற்கரையோரம் அவர் வீடு. இந்தியாவில் நவீன நடனம் பற்றிப் பேச்சு எங்கே தொடங்கினாலும் கடைசியில் அவரிடம் வந்து நிற்கும். இது என் கருத்து மட்டும் இல்லை. அவருடைய வேலையைப் பிடிக்காதவர்களும் ஒத்துக்கொள்வார்கள்.

முதலில் அவர் கற்றது என்ன என்று பார்க்கலாம். குரு காஞ்சிபுரம் எல்லப்பா பிள்ளை. பரதநாட்டிய மேதை பாலசரஸ்வதிக்கு நட்டுவாங்கம் செய்தவர், அதாவது தாளம் போட்டு ஜதி சொல்லி ஆட்டத்தை நடத்தியவர். அந்த மரபில் மாணவருக்கு அடவுகள், அதாவது அடிப்படை அசைவுகள், ஒவ்வொன்றாக வரும். அப்புறம் அலாரிப்பு, ஜதிஸ்வரம், சப்தம், வர்ணம், பதம், தில்லானா என்று ஒரு வரிசை. தஞ்சை நால்வர் என்ற நான்கு சகோதரர்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஒழுங்குபடுத்திய அந்த வரிசைதான் இன்றைக்கும் நம் ஊர் அரங்கேற்ற அழைப்பிதழ்களில் அச்சாகிறது. பாட்டு ஏற்கெனவே இருக்கிறது, ராகமும் தாளமும் இருக்கின்றன, கண்ணனோ முருகனோ கதையில் இருக்கிறார். அந்தக் கட்டுக்குள் நின்று, தன் உடலாலும் முகத்தாலும் அதற்கு உயிர் கொடுப்பதுதான் ஆடுபவரின் வேலை. சின்ன வேலை என்று நினைத்துவிடக் கூடாது. ஒரு பதத்தை நன்றாக ஆட நாற்பது வயதாவது ஆக வேண்டும் என்று சொல்கிறவர்கள் உண்டு, நானும் அந்தக் கட்சிதான்.

நவீன நடன அமைப்பாளருக்கு இந்தக் கட்டு கிடையாது. பாட்டிலிருந்து அவர் தொடங்குவதில்லை. ஒரு கேள்வியோ, ஒரு உறுத்தலோ முதலில் வருகிறது. அதற்கு எந்த அசைவு, எத்தனை உடல்கள், எவ்வளவு நேரம், எவ்வளவு இடைவெளி, என்ன சத்தம் என்று எல்லாவற்றையும் அவரே தீர்மானிக்க வேண்டும். நட்டுவனாரும் இயக்குநரும் கொஞ்சம் கட்டடக் கலைஞரும் சேர்ந்த வேலை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

சந்திரலேகாவுக்கு அந்த உறுத்தல் எப்போது வந்தது என்பதை அவரே சொல்லியிருக்கிறார். 1952, அவருடைய அரங்கேற்றம். இன்றைய ஆந்திரத்தின் ராயலசீமையில் கடும் வறட்சி. நிவாரண நிதிக்காகத்தான் அந்த நிகழ்ச்சியே. அன்று அவர் ஆடியவற்றில் ஒன்று 'மதுரா நகரிலோ'. யமுனை, நீர் விளையாட்டு, கோபியர், குளிர்ச்சி. கைகளால் தண்ணீரை அள்ளி இறைத்துக் காட்ட வேண்டிய இடம். ஆடிக்கொண்டிருக்கும்போதே, பத்திரிகைகளில் பார்த்திருந்த வெடித்த நிலத்தின் படங்கள் அவருக்கு நினைவுக்கு வந்துவிட்டன. தண்ணீர் இல்லாத மக்களுக்காகப் பணம் திரட்டும் மேடையில், தண்ணீரின் செழுமையை அபிநயித்துக்கொண்டு நிற்கிறோமே என்று உள்ளே ஏதோ தட்டியது. மேட்டூர் அணையின் நீர்மட்டம் இன்று எத்தனை அடி என்று காலையில் செய்தி பார்க்கிற நம் பக்கத்து ஆட்களுக்கு இதை விரித்துச் சொல்ல வேண்டியதில்லை.

அன்றே சலங்கையை அவிழ்த்து எறிந்தார் என்று முடித்தால் சினிமாவாகிவிடும். அப்படி நடக்கவில்லை. தொடர்ந்து ஆடினார். 1960இல் 'தேவதாசி', 1972இல் 'நவக்கிரகம்' என்று புதிய படைப்புகள் செய்தார். அதற்குப் பின் ஏறத்தாழ பன்னிரண்டு ஆண்டுகள் மேடைப் பக்கமே இல்லை. எழுதினார், சுவரொட்டிகள் வரைந்தார், வடிவமைப்பு வேலைகள் செய்தார், பெண்கள் இயக்கத்தில் பங்கெடுத்தார். ஒரு கலைஞரின் வாழ்க்கைக் குறிப்பில் இந்த மாதிரி இடைவெளியை எல்லோரும் அவசரமாகத் தாண்டிப் போவார்கள். என்னைக் கேட்டால், பின்னால் வந்தது அத்தனையும் அந்த ஆண்டுகளில்தான் ஊறியது. ஒரு பெண்ணின் உடல் வீட்டிலும் தெருவிலும் வேலையிடத்திலும் எப்படி நடத்தப்படுகிறது என்று பார்த்துப் பேசிப் பழகியவர் திரும்பி மேடைக்கு வந்தபோது, அழகாக நின்று சிரிப்பது அவருக்குப் போதவில்லை.

திரும்பி வந்தது 1984இல், மும்பையில் நடந்த கிழக்கு–மேற்கு நடனச் சந்திப்பில். அடுத்த ஆண்டு 'ஆங்கிகா'.

இங்கே கொஞ்சம் இலக்கணம் தேவைப்படுகிறது, பயப்பட வேண்டாம். நாட்டிய சாஸ்திர மரபு அபிநயத்தை நான்காகப் பிரிக்கிறது. உடலால் சொல்வது ஆங்கிகம். பாட்டாலும் பேச்சாலும் சொல்வது வாசிகம். உடை, நகை, ஒப்பனை எல்லாம் ஆகார்யம். உள்ளத்து உணர்வு தானாக வெளிப்படுவது சாத்விகம். நம் ஊர் மண்டபங்களில் அரங்கேற்றம் பார்த்தவர்களுக்குத் தெரியும், மூன்றாவதான ஆகார்யத்துக்கு எவ்வளவு செலவாகிறது என்று. தலைசாமான், ஒட்டியாணம், பட்டில் தைத்த உடை, மேக்கப் செய்ய வெளியூரிலிருந்து ஆள். வீட்டுக்காரர்களுக்கு நடனத்தைவிட அந்தப் பட்டியல்தான் நினைவில் நிற்கும்.

சந்திரலேகா செய்தது, சுருக்கமாகச் சொன்னால், முதலாவதைக் கையில் எடுத்துக்கொண்டு மூன்றாவதை ஏறக்குறைய முழுவதும் கழற்றி வைத்தது. தலைசாமான் போயிற்று, நகைகள் போயின, கனத்த ஒப்பனை போயிற்று. எளிய பருத்தி உடை. கொலுசுக்குப் பெயர் போன ஊரில், செவ்வாய்ப்பேட்டை வெள்ளிப் பட்டறைகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு, நகை வேண்டாம் என்ற ஒருவரைப் புகழ்ந்து எழுதுவது கொஞ்சம் தைரியமான காரியம்தான். போகட்டும். கதையும் போயிற்று. கண்ணனுக்காகக் காத்திருக்கும் நாயகி இல்லை. தோழியிடம் புலம்பல் இல்லை. மிஞ்சியது உடல் மட்டும்.

மிஞ்சிய உடலை வைத்து என்ன செய்வது? அதற்கு அவர் மூன்று இடங்களுக்குப் போனார்: பரதநாட்டியம், யோகா, கேரளத்தின் போர்க்கலையான களரிப்பயிற்று. பரதத்தைத் தூக்கி எறிந்தவர் என்று அவரைப் பற்றி ஒரு பேச்சு உண்டு. அது தவறு. பரதத்தின் அடித்தளத்தை அவர் அளவுக்கு நம்பியவர்கள் குறைவு. எதற்கு இத்தனை அலங்காரம் என்றுதான் கேட்டார்.

அரைமண்டியை எடுத்துக்கொள்ளுங்கள். நடன வகுப்பில் முதல் நாள் சொல்லிக்கொடுப்பது. குதிகால்கள் அருகருகே, பாதங்கள் பக்கவாட்டில் திரும்பியிருக்க, முழங்கால்கள் இரண்டு பக்கமும் மடங்கி, இடுப்பு கீழே இறங்க, முதுகு மட்டும் நேராக நிற்க வேண்டும். இப்போதே எழுந்து ஒரு நிமிடம் நின்று பாருங்கள். முதலில் ஒன்றும் தெரியாது. கொஞ்ச நேரத்தில் தொடை சூடாகும், அப்புறம் நடுங்கும். பிருஷ்டம் தானாகப் பின்னால் தள்ளும், முதுகு வளையப் பார்க்கும், முழங்கால்கள் முன்பக்கம் சரியும். டீச்சர் குச்சியால் தட்டுவது இதற்குத்தான். மேடையில் ஆடும்போது இந்தப் போராட்டம் எதுவும் நமக்குத் தெரிவதில்லை. விசிறி மடிப்பும் சலங்கைச் சத்தமும் வேகமும் அதை மூடிவிடுகின்றன.

சந்திரலேகா அந்த மூடியை எடுத்துவிட்டார். வேகத்தையும் குறைத்தார். ஒரு பெண் அரைமண்டியில் இறங்குகிறாள், அங்கேயே இருக்கிறாள், மிக மெதுவாக ஒரு கையை நீட்டுகிறாள். மடிந்த கால்களுக்கு நடுவே வைர வடிவில் ஒரு வெளி உண்டாவது அப்போதுதான் கண்ணில் படும். நீட்டிய கைகளும் தோளும் சேர்ந்து முக்கோணமாவது தெரியும். ஒரு உடலின் எடை தரையில் எங்கே இறங்குகிறது என்பதுகூடத் தெரியும். நடனத்தின் அடியில் இத்தனை வடிவியல் இருப்பது பரதம் ஆடுபவர்களுக்கு எப்போதும் தெரியும். பார்ப்பவர்களுக்கும் அதைத் தெரிய வைத்ததுதான் அவர் செய்த புது வேலை.

களரியும் இப்படித்தான் உள்ளே வந்தது. தாழ்ந்த நிலைகள், யானை, சிங்கம், மயில் என்று விலங்குகளின் பெயரில் வடிவுகள், சட்டென்று பாயும் கால்கள். நம் பக்கத்தில் பள்ளி மைதானங்களில் சிலம்பம் பழகும் பிள்ளைகளைப் பார்த்தால் தெரியும்: கம்பைச் சுழற்றுவது கை என்றாலும் காரியம் முழுவதும் முழங்காலிலும் இடுப்பிலும் நடக்கிறது. சண்டைக் கலைக்கும் நடனத்துக்கும் ஆதாரமான உடல் ஒன்றுதான் என்பது சந்திரலேகாவின் வாதம். 'ஆங்கிகா' அந்த வாதத்தின் மேடை வடிவம். அதில் விலங்கு நடைகள் வருகின்றன, களரி வருகிறது, அடவுகள் வருகின்றன. அரசவையில் ஆள்பவனுக்கு வேடிக்கைப் பொருளாக நடனக்காரி மாறிப்போனதைப் பற்றிய கிண்டலும் வருகிறது. ஓர் ஆணை வாகனமாக்கி அவன் மேல் பெண் ஏறி அமர்கிற பகுதி ஒன்று உண்டு. தேவி சிங்கத்தின் மேல் ஏறினால் கும்பிடுகிற நாம், இதைப் பார்த்து நெளிகிறோம். அந்த நெளிவையும் கணக்கில் வைத்துத்தான் அவர் அமைத்திருக்கிறார்.

இதற்குப் பின் வந்தவற்றை எல்லாம் வரிசையாகச் சொல்லப் போவதில்லை. 'ஆங்கிகா'வுக்கும் கடைசிப் படைப்பான 'ஷரீரா'வுக்கும் இடையே 'லீலாவதி', 'பிராணா', 'ஸ்ரீ', 'யந்திரா', 'மஹாகால்', 'ராகா' என்று ஒவ்வொன்றும் ஒரு தனி உறுத்தலில் பிறந்தது. 'யந்திரா'வை ஜெர்மன் நடன அமைப்பாளர் பீனா பௌஷுக்குக் காணிக்கையாக்கினார். இருவரும் ஒருவர் வேலையை ஒருவர் மதித்தவர்கள். 2004இல் சங்கீத நாடக அகாடமியின் ஃபெல்லோஷிப் கிடைத்தது. விருதுக் கணக்கு இவ்வளவு போதும்.

'லீலாவதி' பற்றி மட்டும் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும், ஏனென்றால் நவீன நடனம் என்றால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு இருக்கும் என்ற எண்ணத்தை அது உடைக்கிறது. பன்னிரண்டாம் நூற்றாண்டுக் கணித மேதை பாஸ்கராச்சாரியாரின் 'லீலாவதி' என்ற நூலை வைத்து அமைத்த நடனம் அது. கணக்குகளைக் கவிதையில் போட்டவர் அவர். அந்த நூலில் ஒரு கணக்கு: ஒரு தேனீக் கூட்டத்தில் ஐந்தில் ஒரு பங்கு கடம்பப் பூவுக்குப் போகிறது, மூன்றில் ஒரு பங்கு இன்னொரு பூவுக்கு, இந்த இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைப் போல மூன்று மடங்கு வேறொரு பூவுக்கு. மீதமிருக்கும் ஒரே ஒரு தேனீ, தாழம்பூ வாசத்துக்கும் மல்லிகை வாசத்துக்கும் நடுவே தவித்துக்கொண்டிருக்கிறது. மொத்தம் எத்தனை? பதினைந்து. மூன்று, ஐந்து, ஆறு, அப்புறம் அந்தத் தவிக்கிற ஒன்று. இப்படிப்பட்ட நூலை நடனத்துக்கு எடுப்பது விசித்திரமாகத் தோன்றலாம். ஆனால் ஜதி என்ற தாளச் சொற்கட்டே கணக்குத்தானே. மிருதங்கக்காரர் தாளக் கோர்வையை முடித்து, தாளம் தொடங்கும் இடமான சமத்தில் வந்து விழும்போது நம் தலை தானாக ஆடுவது கணக்கு சரியாக முடிந்த சந்தோஷத்தில்தான்.

'ஸ்ரீ' வேறு வகை. அதில் மையம் முதுகெலும்பு. பெண்கள் முதுகு வளைந்து, குனிந்து, மெல்ல மெல்ல நகர்கிறார்கள். அந்த நகர்வு சீக்கிரம் முடிவதில்லை. பார்ப்பவருக்கே முதுகு வலிக்கும். சேலத்தில் இதற்கு விளக்கவுரை வேண்டாம். குழித்தறியில் காலம் முழுக்க உட்கார்ந்து பட்டு வேட்டி நெய்தவரின் முதுகைப் பார்த்திருப்பீர்கள். கால் மிதியில், கை நாடாவை இழுக்கும் கயிற்றில், கண் பாவின் இழையில். மூன்றும் ஒன்றாக ஓட வேண்டும் என்பதற்காக முதுகு கொடுக்கிற விலை அந்த வளைவு. தறியை விட்டு எழுந்து தேநீர்க்கடைக்கு நடக்கும்போதும் அது நிமிர்வதில்லை. உடலில் வேலை எழுதிவிட்டுப் போகும் வளைவு, பணிவு எழுதிவிட்டுப் போகும் வளைவு, பயம் எழுதிவிட்டுப் போகும் வளைவு, இவற்றை வசனமே இல்லாமல் மேடையில் வைத்தால் எப்படி இருக்கும் என்பதுதான் 'ஸ்ரீ'யின் கேள்வி. ஒரு முதுகு நிமிர்வதை இவ்வளவு நேரம் கவனித்துப் பார்க்க நமக்கு வேறு எங்கும் வாய்ப்புக் கிடைக்காது.

சரி, இதையெல்லாம் எப்படிப் பார்ப்பது?

அர்த்தம் என்ன என்ற கேள்வியைக் கொஞ்ச நேரம் தள்ளி வையுங்கள். அபிநயத்தைப் பார்த்துப் பழகிய கண் கையைப் பார்க்கும், முகத்தைப் பார்க்கும். இங்கே பாதத்தைப் பாருங்கள், எடை ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு எப்போது மாறுகிறது என்று பாருங்கள். மூச்சைக் கவனியுங்கள். நல்ல கலைஞர்களின் விலாவில் அது தெரியும். அப்புறம் இடைவெளி. இரண்டு பேர் மேடையில் இருந்தால், அவர்களுக்கு நடுவே உள்ள வெற்றிடமும் நடனத்தின் பகுதிதான். இது புரிய வேண்டுமானால் தாரமங்கலம் போய் வரலாம். கைலாசநாதர் கோயில் தூண்களில், வாலியை ராமன் மறைந்திருந்து அடிக்கும் சிற்பம். ராமன் நிற்கிற இடத்திலிருந்து பார்த்தால் வாலி தெரிவான். வாலி நிற்கிற இடத்திலிருந்து பார்த்தால் ராமன் தெரியமாட்டான். சிற்பி இரண்டு உருவங்களைச் செதுக்கியதோடு நிற்கவில்லை. யாருக்கு யார் தெரிய வேண்டும் என்பதையும் தூண்களை வைத்துத் தீர்மானித்திருக்கிறார். நடன அமைப்பின் பாதி வேலை இதுதான். சிற்பிக்குக் கல் அசையாது. நடன அமைப்பாளருக்கு எல்லாம் அசைந்துகொண்டே இருக்கும், ஒவ்வொரு நொடியும் இந்தக் கணக்கைத் திரும்பப் போட வேண்டும்.

நேரம்தான் மிகவும் சோதிக்கும். 'ஷரீரா'வில் ஒரு பெண், ஒரு ஆண், துருபத் என்ற பழைய ஹிந்துஸ்தானி வகைப் பாட்டு, அவ்வளவுதான். சுமார் ஒரு மணி நேரம். பெண்ணின் உடல் அங்குலம் அங்குலமாக விரிகிறது. பரபரப்புக்குப் பழகிய மனம் முதல் பத்து நிமிடம் அலுத்துக்கொள்ளும், ஃபோனைத் தேடும். அதைத் தாண்டினால் ஒரு கட்டை விரல் திரும்புவதுகூடப் பெரிய நிகழ்ச்சியாகத் தெரியத் தொடங்கும். எல்லோருக்கும் இப்படி ஆகும் என்று உத்தரவாதம் தரமாட்டேன். அலுப்பு அலுப்பாகவே முடிந்தாலும் உங்கள் ரசனையில் குறை இல்லை.

அவர் மேல் வைக்கப்படும் புகார்களில் ஒன்றை நானும் பாதி ஏற்கிறேன். முகபாவத்தை இவ்வளவு கண்டிப்பாக ஒதுக்கியதில் ஒரு நஷ்டம் இருக்கிறது. நகைச்சுவை குறைந்தது. பாலசரஸ்வதி ஒரு புருவத்தை உயர்த்தி அரங்கையே சிரிக்க வைப்பார் என்று கேள்விப்படுகிறோம். தெருக்கூத்தில் கட்டியங்காரன் நுழைந்தாலே கூட்டம் எழுந்து உட்காரும். அந்தச் சுகம் சந்திரலேகாவிடம் கிடைக்காது. ஆபாசம் என்ற இன்னொரு புகாருக்கு அதிகம் பேச வேண்டியதில்லை. பெண் உடல் யாரையும் மயக்க முயலாமல் மேடையில் தன் பாட்டுக்கு இருந்தது பலருக்குப் பிடிக்கவில்லை, அதுதான் விஷயம். சினிமாவில் அதே உடல் குலுங்கியபோது அவர்களில் பலர் விசில் அடித்தவர்கள்தான்.

அவருக்குப் பின் இந்த வழி நின்றுவிடவில்லை. அவரிடம் பத்து ஆண்டுகள் ஆடிய பத்மினி செட்டூர், சென்னையிலிருந்தே தன் சொந்த நடன மொழியை உருவாக்கினார். வேதியியல் படித்தவர். அவருடைய வேலை சந்திரலேகாவைவிட இன்னும் வறண்டது, இன்னும் நுணுக்கமானது. சக்தி, தேவி போன்ற பெரிய சொற்கள்கூட அதில் இல்லை. ஒரு தோள் ஏன் நகர்கிறது, அது நகர்ந்தால் இடுப்பு என்ன செய்கிறது என்ற அளவில் கேள்விகள். சந்திரலேகாவைப் பார்த்த பிறகு இவரைப் பார்ப்பது நல்லது. நேராக இவரிடம் தொடங்கினால் ஓடிவிடுவீர்கள்.

சேலத்தில் இந்த வகை நடனம் மேடையேறுவது அபூர்வம். ஆனால் நாம் இருக்கிற இடம் வசதியானது. ஒரு பக்கம் சென்னை, பெசன்ட் நகரில் அவர் வாழ்ந்த இடம் 'ஸ்பேசஸ்' என்ற பெயரில் கலை வெளியாக இருக்கிறது. இன்னொரு பக்கம் பெங்களூரு, 1992 முதல் இயங்கும் 'ஆட்டக்களரி' நடன மையம் அங்கேதான். களரியையும் பரதத்தையும் வைத்துப் புதிய நடனம் செய்பவர்கள். இரண்டு ஊருக்கும் சேலம் ஜங்ஷனிலிருந்து ரயில் இருக்கிறது. மகளை நடன வகுப்பில் சேர்த்திருப்பவர்கள் அவளையும் கூட்டிப் போங்கள். அரைமண்டியில் தொடை நடுங்குவது எப்படியிருக்கும் என்று தெரிந்தவள் என்பதால், உங்களுக்கு முன்னால் அவளுக்குப் பிடிபடும். அது முடியாது, ஃபோனில்தான் பார்க்க முடியும் என்றால் தனியாகப் பாருங்கள், முழுத் துண்டையும் பாருங்கள், வேகத்தை மட்டும் ஒன்றரை மடங்காக்காதீர்கள்.